எல்லைக்கல்லைப் பார்த்துவிட்டு எழுது

தம்பி, சுங்கை பட்டாணி உயர்நீதிமன்றத்தில் உனக்கு முதல் எல்லைத் தகராறு கேஸ் வந்திருக்கிறது என்று கேள்விப்பட்டேன். மனசு நிறைந்தது. இந்தக் கெடா மண்ணில் இத்தனை காலம் கேஸ் நடத்தியவன் சொல்கிறேன், கேட்டுக்கொள்.

1. முதலில் நிலத்தை மிதி. கட்சிக்காரர் சொல்வதை ஆபீசில் உட்கார்ந்தே வழக்குரை ஆக்காதே. பீடோங் பக்கத்துக் கேஸ் ஒன்றில் இரண்டு தரப்புமே பால்மர வரிசையை எல்லையாக எழுதிவிட்டார்கள். சர்வேயர் வந்து லாலாங் புல்லை விலக்கியபோது எல்லைக்கல் வேறு இடத்தில் இருந்தது. விசாரணை நெருங்கிய நேரத்தில் இருவரும் திருத்தம் கேட்டு நின்றார்கள்.

2. கிராண்டை, அதாவது நிலப் பட்டாவை, வரிவரியாகப் படி. எச்.எஸ்.(டி), எச்.எஸ்.(எம்) என்றிருந்தால் அது தற்காலிகப் பட்டா. அளவை முடியும்வரை அதில் காட்டிய எல்லையும் தற்காலிகமே. அதை முடிந்த முடிவாக எழுதினால் பிறகு நீயே திருத்த வேண்டிவரும்.

3. கட்சிக்காரரின் பயத்தை மதி. நாலடி நிலத்துக்கா இவ்வளவு சண்டை என்று நினைக்காதே. 1950களில் தோட்டங்கள் துண்டாடப்பட்டபோது தொழிலாளர்களின் வேலையும் லயத்து வீடும் சேர்ந்தே போயின. அந்தத் துயரம் கண்டுதான் துன் வீ.தி. சம்பந்தன் 1960இல் தேசிய நில நிதிக் கூட்டுறவுச் சங்கத்தைத் தொடங்கினார். அந்தப் பயம் இன்னும் பல வீடுகளில் இருக்கிறது. பொறுமையாகக் கேட்டால் முழுக் கதையும் முதல் நாளே வெளிவரும்.

4. கேட்க இனிப்பதைச் சொல்லாதே. எத்தனை வருஷம் அனுபவித்தாலும் அதனால் மட்டும் நிலம் சொந்தமாகாது என்கிறது தேசிய நிலச் சட்டத்தின் 341ஆம் பிரிவு. கட்சிக்காரர் முகம் வாடும் என்று இதை மறைத்தவர்கள், கடைசியில் வழக்கையே வேறாக மாற்ற அலைந்ததைப் பார்த்திருக்கிறேன்.

5. வழக்குரையில் பிழை தெரிந்த அன்றே திருத்த மனுப் போடு. நீதிமன்ற விதிகளின் 20ஆம் ஆணை, 5ஆம் விதி அதற்கு வழி தருகிறது. இத்தகைய மனுக்களுக்கு யமஹா வழக்கில் கூட்டரசு நீதிமன்றம் வைத்த மூன்று கேள்விகளை மனத்தில் வை. மனு நல்லெண்ணத்தில் வந்ததா? எதிர்த்தரப்பின் நஷ்டத்தைச் செலவுத்தொகை ஈடுசெய்யுமா? வழக்கின் குணமே மாறிவிடுமா? ‘இது என் நிலம்’ என்று தொடங்கியவர், ‘உன் நிலம்தான், நீ என்னை இருக்கவிட்டாய்’ என்று முடிக்க வந்தால் மூன்றாவது கேள்வியில் மாட்டிக்கொள்வார்.

6. தாமதமாகிவிட்டால் உண்மைக் காரணத்தைச் சொல். விசாரணை வாசலில் வரும் மனுவுக்கு யமஹா கேள்விகள் மட்டும் போதாது, தாமதத்துக்குத் தக்க விளக்கமும் வேண்டும் என்று ஹோங் லியோங் ஃபைனான்ஸ் வழக்கில் அதே நீதிமன்றம் சொல்லிவிட்டது. சர்வேயர் அறிக்கை இப்போதுதான் கிடைத்தது என்று ஒருவர் அபிடவிட்டில் எழுதினார். நீதிபதி அறிக்கையின் கடைசிப் பக்கத்தைத் திருப்பி, கையெழுத்துக்குக் கீழிருந்த தேதியை வாசித்தார். எட்டு மாதப் பழசு. சீக்கிரம் திருத்தினால் செலவோடு போகும். தாமதித்துப் பொய்யும் சொன்னால் பெயரும் போகும்.

7. எதிர்த்தரப்பு நேர்மையாகத் திருத்தம் கேட்டால் வீம்புக்கு எதிர்க்காதே. செலவுத்தொகையைக் கேட்டு வாங்கிக்கொண்டு சம்மதம் சொல். தீர்ப்புக்குப் பிறகும் அந்த இரண்டு குடும்பமும் அடுத்தடுத்தே வாழ வேண்டும். நீயும் அதே வக்கீல்களோடு அதே நீதிமன்றத்தில்தான் நிற்க வேண்டும். உன் வார்த்தையை அவர்கள் நம்பும்படி நடந்துகொள்.