ஆறும் குளமும் கமமும்

கமக்காரர்களே!

உங்கள் வயலுக்கு நீர் எங்கிருந்து வருகின்றது என்று வினவினால், "குளத்திலிருந்து" என உடனே விடை கூறுவீர்கள். குளத்துக்கு நீர் எங்கிருந்து வருகின்றது? இவ்வினாவுக்கு விடை அறிந்தவரே சிறுபோகத்தைத் தக்கவாறு திட்டமிடவல்லார். ஆதலின் இப்பாடத்தில் வன்னியின் ஆறுகளையும் அவற்றின் நீரேந்து பிரதேசங்களையும் பற்றி ஆராய்வோம்.

வன்னி ஆறுகளின் இயல்பு

இலங்கையில் 103 ஆற்றுப் படுகைகள் உள. மகாவலி கங்கை போன்றவை மலைநாட்டிற் பிறந்து ஆண்டு முழுவதும் ஓடுவன. நமது ஆறுகளோ சமதரைக் காடுகளிற் பிறப்பன. மாரியிற் பெருகிக் கோடையில் மணலாய்க் கிடப்பன. பாலியாறு வவுனிக்குளத்தை நிரப்பி மேற்கே பாக்கு நீரிணையை அடைகின்றது. பேராறு முத்தையன்கட்டுக் குளத்துக்கு நீர் தந்து நந்திக்கடலை நோக்கிச் செல்கின்றது. கனகராயன் ஆறு வவுனியா மாவட்டத்தின் வடபாகத்தில் தோன்றி, முல்லைத்தீவு, கிளிநொச்சி மாவட்டங்களினூடாக வடக்கே ஓடிச் சுண்டிக்குளக் கடனீரேரியிற் கலக்கின்றது. இவ்வாற்றை மறித்தே இரணைமடுக்குளம் கட்டப்பட்டது. அவ்வேலை 1902 ஆம் ஆண்டில் தொடங்கிற்று. பின்னர் அணைக்கட்டு பலமுறை உயர்த்தப்பட்டது.

நீரேந்து பிரதேசம் என்பது யாது?

ஒரு குளத்தை நோக்கி மழைநீர் வழிந்துவரும் நிலப்பரப்பு முழுவதும் அக்குளத்தின் நீரேந்து பிரதேசமாகும். வீட்டுக் கூரையில் விழும் மழை பீலி வழியே ஒரு தொட்டியில் சேர்வதை நினைத்துப் பாருங்கள். கூரை எவ்வளவு பெரிதோ அவ்வளவு நீர் சேரும். கூரையில் குப்பை இருப்பின் அதுவும் தொட்டிக்கே வரும்.

ஒரு சிறு கணக்கைப் பாருங்கள். ஒரு சதுரமைல் என்பது 640 ஏக்கர். அதன்மேல் ஓர் அங்குல மழை பெய்யின், விழும் நீர் ஏறத்தாழ 53 ஏக்கர் அடியாகும். இதில் ஒரு பகுதியே குளத்தை அடையும். எஞ்சியதை மண்ணும் மரமும் காற்றும் கொள்ளும். மண் உறிஞ்சிய நீர் வீணாவதில்லை. அது கிணறுகளை ஊறச் செய்து, ஆற்றுக்கும் மெல்லக் கசிந்து வருகின்றது.

காடு அழிவதால் வரும் கேடு

பாலை, வீரை, முதிரை முதலிய மரங்கள் நிறைந்த காட்டில் மழைத்துளி இலைமேல் விழுந்து, சருகின்மேல் தங்கி, மண்ணுள் இறங்குகின்றது. காடு வெட்டப்பட்ட வெறுந்தரையில் அது மண்ணைக் கரைத்துக்கொண்டு ஒரேயடியாகப் பாய்கின்றது. இதனால் இரு தீமைகள் விளையும். ஒன்று, வண்டல் படிந்து குளத்தின் கொள்ளளவு குறையும். மற்றொன்று, வெள்ளம் விரைந்து வருவதால் அதைச் சேமிக்க இயலாது வான் வழியே விட நேரும்.

மாரி வெள்ளத்தின் வேகத்தை நாம் 2018 ஆம் ஆண்டு மார்கழியிற் கண்டோம். அப்போது பெய்த பெருமழையால் இரணைமடுவின் வான் கதவுகள் திறக்கப்பட்டன. கிளிநொச்சி, முல்லைத்தீவு மாவட்டங்களில் பல ஊர்கள் வெள்ளத்துள் அகப்பட்டன. அத்தகைய பெருமழையைக் காடு மட்டும் தடுத்துவிடாது. ஆயினும் சாதாரண மாரி மழையின் ஓட்டத்தைத் தணிப்பதற்குக் காட்டைப் போன்ற துணை பிறிதில்லை.

சிறுபோகக் கணக்கு

வன்னியின் மழை பெரும்பாலும் ஐப்பசி முதல் மார்கழி வரையே பெய்கின்றது. காலபோகத்துக்கு மழை துணை நிற்கும். சிறுபோகத்துக்குக் குளத்து நீரே கதி. அதிலும் சோளகக் காற்றும் வெயிலும் தம் பங்கைக் கவர்ந்துகொள்ளும்.

அவற்றைக் கழித்தபின் குளத்தில் 40,000 ஏக்கர் அடி நீர் உண்டு எனக் கொள்வோம். நெல்லுக்கு ஏக்கரொன்றுக்கு 5 அடி நீர் விட்டால் 8,000 ஏக்கர் விளையும். வாய்க்கால் திருத்தி, வரம்பு பூசி, முறைப்படி நீர் பாய்ச்சி 4 அடியோடு நிறுத்தினால் 10,000 ஏக்கர் விளையும். வேற்றுமை 2,000 ஏக்கர். குடும்பத்துக்கு 2 ஏக்கர் என்றால், ஆயிரம் குடும்பங்களின் சிறுபோகம் அது.

செய்யவேண்டியவை

1. ஆற்றங்கரை மருத மரங்களையும் நாணலையும் வெட்டாதீர். கரையைப் பிடித்து நிற்பவை அவையே.

2. ஆற்று மணலை அனுமதியின்றி அள்ள இடங்கொடாதீர். மணல் போனால் கரை இடியும்; அயற் கிணறுகளின் நீர்மட்டமும் தாழும்.

3. மேட்டுநிலத்தைச் சரிவுக்குக் குறுக்காக உழுது, மண் வரம்பு இடுக.

4. மேலே உள்ள சிறு குளங்களின் கட்டையும் துருசையும் மாரிக்கு முன் திருத்துக. வண்டலின் ஒரு பகுதி அங்கேயே தங்கிவிடும்.

5. குளத்தின் உட்புறத்தில் நீர் வற்றிய தரையை உழாதீர். கிளறிய மண் அடுத்த மழையோடு குளத்தின் அடியிற் படியும்.

6. நீர் குறைந்த ஆண்டில் மேட்டு வயல்களில் பயறு, உழுந்து, நிலக்கடலை என்பவற்றை இடுக. இவற்றுக்கு நெல்லினும் குறைந்த நீரே போதும்.

சிறுபோக ஏக்கர் அளவு பயிர்ச்செய்கைக் கூட்டத்திலே தீர்மானிக்கப்படுகின்றது. அக்கூட்டத்துக்குச் செல்லுமுன் குளத்தின் நீர்மட்டத்தைக் கேட்டறிந்து, மேற்காட்டிய கணக்கை நீங்களே போட்டுப் பாருங்கள். வாய்க்காலின் தலைப்பில் இருப்பவர் தமக்கு வேண்டியதை மட்டும் எடுத்தால், கடைமடைக்காரரும் கதிர் அறுப்பர்.