எல்லை கடக்கும் உரிமம்

நுழையும்முன்

கல்வி, பணி, சுற்றுலா எனப் பல காரணங்களுக்காக நாடு கடந்து செல்வது இன்று இயல்பாகிவிட்டது. கடவுச்சீட்டும் பயணச்சீட்டும் கைக்கு வந்தவுடன் பயணத்துக்குரிய அனைத்தும் நிறைவுற்றதாக எண்ணிவிடுகிறோம். சென்ற இடத்தில் ஒரு வாகனத்தை இயக்க வேண்டிய தேவை எழும்போதுதான், நம்மிடமுள்ள ஓட்டுநர் உரிமம் எதுவரை செல்லும் என்னும் வினா பிறக்கிறது. அவ்வினாவுக்கு விடை கூறுவதோடு, ஒரு சிறிய சாம்பல்நிறப் புத்தகத்தின் பின்னே நிற்கும் உலக நாடுகளின் உடன்பாட்டையும் விளக்குகிறது இப்பாடம்.

ஓட்டத் தெரியும், ஓட்டலாமா?

கோயம்புத்தூரைச் சேர்ந்த பொறியாளர் ஒருவர் பணியின் பொருட்டு ஜப்பான் செல்கிறார் என வைத்துக்கொள்வோம். விடுமுறை நாளில் மலைப்பகுதி ஒன்றைக் காண விரும்பி, வாடகைக்குச் சிற்றுந்து தரும் நிலையத்தை அணுகுகிறார். பத்தாண்டுகள் பிழையின்றி வாகனம் ஓட்டிய பட்டறிவு அவருக்கு உண்டு. ஜப்பானிலும் நம் நாட்டைப் போலவே சாலையின் இடப்புறமே வாகனங்கள் செல்கின்றன. ஆகவே, எந்த இடரும் இராது என்னும் நம்பிக்கையோடு தம் இந்திய ஓட்டுநர் உரிமத்தை நீட்டுகிறார். அங்குள்ள பணியாளர் அதனைப் பணிவோடு திருப்பித் தந்து, 'பன்னாட்டு ஓட்டுநர் அனுமதி எங்கே?' என்று வினவுகிறார். அத்தகைய ஒன்று இருப்பதையே பொறியாளர் அப்போதுதான் அறிகிறார்.

அவருக்கு வாகனம் ஓட்டத் தெரியாமல் இல்லை. ஆனால், அம்மண்ணில் ஓட்டுவதற்குரிய உரிமை அவரிடம் இல்லை. திறமை வேறு, உரிமை வேறு. திறமை மனிதரோடு எங்கும் செல்லும். உரிமையோ சட்டம் செல்லும் எல்லை வரைதான் செல்லும். உரிமமின்றி வாகனம் ஓட்டுவோருக்கு ஜப்பானியச் சட்டம் மூன்றாண்டுகள் வரை சிறை அல்லது 5 இலட்சம் யென் வரை தண்டம் விதிக்க இடமளிக்கிறது. பணியாளரின் மறுப்பு உண்மையில் பொறியாளரைக் காத்தது என்றே கூற வேண்டும்.

உரிமத்தின் எல்லை

ஓட்டுநர் உரிமம் என்பது ஓர் அரசு தன் ஆட்சி எல்லைக்குள் ஒருவருக்கு வழங்கும் இசைவு. ஒருவரின் அகவை, பார்வைத்திறன், சாலை விதிகள் பற்றிய அறிவு, வாகனத்தை இயக்கும் திறன் ஆகியவற்றை ஆராய்ந்தே அவ்விசைவு வழங்கப்படுகிறது. ஒரு நாட்டின் தேர்வு முறையை மற்றொரு நாடு அறியாது. உரிமத்தில் எழுதப்பட்டுள்ள மொழியும் எழுத்தும் அங்குள்ள காவலருக்குப் புரியாமல் போகலாம். உரிமம் மெய்யானதா, எவ்வகை வாகனத்துக்குரியது, இன்னும் செல்லத்தக்கதா என்பனவற்றைச் சாலையோரத்தில் நின்றுகொண்டு அவர் எவ்வாறு அறிவார்?

இச்சிக்கலுக்கு நாடுகள் கூடிக் கண்ட தீர்வே பன்னாட்டு ஓட்டுநர் அனுமதி. இது புதியதோர் உரிமம் அன்று. சொந்த நாட்டில் பெற்ற உரிமத்தைப் பிற நாட்டார் படித்தறியும் வண்ணம் பல மொழிகளில் எடுத்துரைக்கும் சான்று. ஆகவே, மூல உரிமம் இன்றி இதனை மட்டும் காட்டுவது பயன் தராது. பயணத்தின்போது இரண்டையும் ஒருசேர வைத்திருத்தல் வேண்டும். மேலும், எந்நாடு இதனை வழங்கியதோ அந்நாட்டில் இது செல்லாது.

உடன்பாட்டின் வரலாறு

இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் ஐரோப்பியச் சாலைகளில் தானியங்கி வண்டிகள் பெருகின. சில மணி நேரப் பயணத்திலேயே ஒரு நாட்டின் எல்லையைத் தாண்டி மற்றொரு நாட்டினுள் நுழைய முடிந்தது. ஒவ்வோர் எல்லையிலும் வண்டியையும் ஓட்டுநரையும் புதிதாக ஆராய்வது இயலாததாயிற்று. எனவே, 1909ஆம் ஆண்டு பாரிசில் கூடிய நாடுகள் தானியங்கி வண்டிகளின் பன்னாட்டுப் போக்குவரத்துக்கென ஓர் உடன்படிக்கையைச் செய்துகொண்டன. 1926ஆம் ஆண்டு அங்கேயே மற்றோர் உடன்படிக்கை உருவானது.

இரண்டாம் உலகப்போருக்குப் பின், ஐக்கிய நாடுகள் அவையின் முயற்சியால் 1949 செப்டம்பர் 19 அன்று ஜெனீவாவில் சாலைப் போக்குவரத்து உடன்படிக்கை கையெழுத்தானது. அது 1952ஆம் ஆண்டு நடைமுறைக்கு வந்தது. இந்தியா இவ்வுடன்படிக்கையில் இணைந்துள்ளது. நம் நாட்டில் வழங்கப்படும் அனுமதி இதன் அடிப்படையிலேயே அமைகிறது. பின்னர், 1968ஆம் ஆண்டு வியன்னாவில் மேலும் ஓர் உடன்படிக்கை உருவாகி, 1977 முதல் நடைமுறையில் உள்ளது. எந்த நாடு எந்த உடன்படிக்கையை ஏற்றுள்ளது என்பதைப் பொறுத்தே ஓர் அனுமதி அங்கே செல்லுமா, செல்லாதா என்பது முடிவாகிறது.

> தெரியுமா?
> 1909ஆம் ஆண்டின் பாரிசு உடன்படிக்கை சாலைகளுக்கெனப் பொதுவான எச்சரிக்கைக் குறியீடுகள் நான்கினை வகுத்தது. மேடுபள்ளம், வளைவு, சாலைச் சந்திப்பு, இருப்புப்பாதைக் கடவு ஆகியவற்றை அவை உணர்த்தின. மொழி அறியாதவருக்கும் படம் புரியும் என்னும் எண்ணமே இன்றைய சாலைக் குறியீடுகள் அனைத்துக்கும் வித்தாகும்.

சான்றின் அமைப்பு

ஜெனீவா உடன்படிக்கை இச்சான்றின் உருவத்தையும் வரையறுத்துள்ளது. 148 மில்லிமீட்டர் நீளமும் 105 மில்லிமீட்டர் அகலமும் உடைய சிறு புத்தகம் அது. அதன் அட்டை சாம்பல் நிறம், உட்பக்கங்கள் வெண்மை. இறுதிப் பக்கம் பிரெஞ்சு மொழியில் அமைய வேண்டும். அப்பக்கத்தின் செய்திகள் ஏனைய பக்கங்களில் பிற மொழிகளில் மீண்டும் தரப்படுகின்றன. உரியவரின் பெயர், பிறந்த இடம், பிறந்த நாள், முகவரி, நிழற்படம், அவர் ஓட்டத்தக்க வாகன வகைகள் ஆகியவை இதில் இடம்பெறும்.

வாகனங்கள் ஐந்து வகைகளாகப் பிரிக்கப்பட்டு எழுத்துகளால் குறிக்கப்படுகின்றன. 'ஏ' என்பது மோட்டார் சைக்கிளைக் குறிக்கும். ஓட்டுநர் இருக்கை நீங்கலாக எட்டு இருக்கைகளுக்கு மேற்படாத பயணியர் வாகனமும் 3,500 கிலோகிராம் எடைக்கு மேற்படாத சரக்கு வாகனமும் 'பி' வகையைச் சேரும். அவ்வெடையைக் கடந்த சரக்கு வாகனங்கள் 'சி' வகை. எட்டு இருக்கைகளுக்கு மேற்பட்ட பயணியர் வாகனங்கள் 'டி' வகை. இழுவைப் பெட்டி இணைத்தவை 'இ' வகை.

இவ்வெழுத்துகளைக் கூர்ந்து நோக்குதல் இன்றியமையாதது. சிற்றுந்து உரிமம் மட்டும் உடையவருக்கு 'பி' வகைக்கே அனுமதி கிடைக்கும். அவர் சுற்றுலாச் சென்ற இடத்தில் ஒரு நாள் வாடகைக்கு இருசக்கர வாகனம் ஒன்றை எடுத்து ஓட்டினால், கையில் அனுமதி இருந்தும் அவர் உரிமமின்றி ஓட்டியவராகவே கருதப்படுவார். 'சிறிய வண்டிதானே' என்னும் எண்ணம் சட்டத்தின்முன் நில்லாது.

பெறும் முறை

வெளிநாட்டில் தற்காலிகமாக வாகனம் ஓட்ட விரும்புவோருக்குச் சான்று வழங்குவது குறித்த விதிகளை வகுக்கும் அதிகாரத்தை, 1988ஆம் ஆண்டின் மோட்டார் வாகனச் சட்டம் நடுவண் அரசுக்கு அளித்துள்ளது. அதன்வழி அமைந்த 1989ஆம் ஆண்டின் மத்திய மோட்டார் வாகன விதிகள் நடைமுறைகளைக் கூறுகின்றன.

செல்லத்தக்க ஓட்டுநர் உரிமம் உடைய இந்தியக் குடிமக்கள் தாம் வாழும் பகுதிக்குரிய வட்டாரப் போக்குவரத்து அலுவலகத்தில் படிவம் '4ஏ' வழியாக விண்ணப்பிக்க வேண்டும். நடுவண் அரசின் 'பரிவாகன்' இணையதளத்திலும் விண்ணப்பத்தைப் பதிவு செய்யலாம். ஓட்டுநர் உரிமம், கடவுச்சீட்டு ஆகியவற்றின் படிகளையும் நிழற்படத்தையும் இணைத்தல் வேண்டும். இதற்கான கட்டணம் 1,000 ரூபாய். உரிமம் பெறும்போது எழுதிய தேர்வையோ ஓட்டிக்காட்டிய தேர்வையோ மீண்டும் எதிர்கொள்ள வேண்டியதில்லை.

முன்பு மருத்துவச் சான்றும் விசா எனப்படும் நுழைவு இசைவும் விண்ணப்பத்தோடு கேட்கப்பட்டன. செல்லத்தக்க உரிமம் உடையவரிடம் மீண்டும் மருத்துவச் சான்று கேட்பது தேவையற்றது என்பதும், சில நாடுகள் தம் மண்ணில் வந்திறங்கிய பின்னரே நுழைவு இசைவு வழங்குகின்றன என்பதும் உணரப்பட்டு, 2021ஆம் ஆண்டு இவ்விரு நிபந்தனைகளும் நீக்கப்பட்டன. வெளிநாட்டில் தங்கியிருக்கும்போது அனுமதி காலாவதியானால், அங்குள்ள இந்தியத் தூதரகத்தின் வாயிலாகப் புதுப்பிக்கவும் அதே ஆண்டில் வழி செய்யப்பட்டது. 2022 ஆகஸ்டில் சான்றின் வடிவம், அளவு, நிறம் ஆகியன நாடு முழுவதும் ஒரே சீராக்கப்பட்டன. ஓட்டுநர் உரிமத்தோடு சான்றை இணைக்கும் கியூஆர் குறியீடும் சேர்க்கப்பட்டது.

சான்று ஓராண்டுக்குச் செல்லும். அதற்குள் மூல உரிமத்தின் காலம் முடிவுறுமாயின் சான்றும் அன்றே முடிவுறும். புதிதாகப் பெற விரும்புவோர் தாய்நாட்டிலிருந்து புறப்படும் முன்பே பெற்றுக்கொள்ளல் வேண்டும். நம் பொறியாளர் ஜப்பானில் இருந்தபடி வருந்தியதன் காரணம் இதுவே.

நாடுதோறும் வேறுபாடு

சான்று ஒன்றேயாயினும் அதனை ஏற்கும் முறை நாடுதோறும் வேறுபடும். ஜப்பானில் ஜெனீவா உடன்படிக்கையின்படி அமைந்த சான்று, அங்கு வந்திறங்கிய நாளிலிருந்து ஓராண்டு அல்லது சான்றின் காலம், இவற்றுள் எது முந்தியதோ அதுவரை ஏற்கப்படும். இங்கிலாந்து, ஸ்காட்லாந்து, வேல்ஸ் பகுதிகளில் வருகையாளர் தம் நாட்டு உரிமத்தைக் கொண்டே 12 மாதங்கள் வரை சிற்றுந்து ஓட்டலாம். அமெரிக்க ஐக்கிய நாடுகளில் மாநிலத்துக்கு மாநிலம் விதி வேறுபடுகிறது. சீனப் பெருநிலப்பகுதியிலோ பன்னாட்டு அனுமதி ஏற்கப்படுவதில்லை. அங்கு உள்நாட்டு உரிமமே வேண்டும். ஆகவே, செல்லும் நாட்டின் தூதரகம் அல்லது போக்குவரத்துத் துறையின் அறிவிப்பைப் பயணத்துக்கு முன்பே படித்தறிதல் நன்று.

இச்சான்று வருகையாளருக்கே உரியது என்பதையும் மறத்தல் கூடாது. ஒரு நாட்டில் நிலையாகக் குடியேறுவோர், அந்நாட்டு விதிப்படி குறித்த காலத்துக்குள் உள்நாட்டு உரிமம் பெற வேண்டும்.

போலிகளும் இழப்புகளும்

'தேர்வில்லை; அலுவலகம் செல்ல வேண்டியதில்லை; பல்லாண்டுகள் செல்லும்' என்னும் விளம்பரங்களோடு பன்னாட்டு உரிமம் என்ற பெயரில் அட்டைகள் இணையத்தில் விற்கப்படுகின்றன. ஜெனீவா உடன்படிக்கையின்படி அனுமதியின் காலமே ஓராண்டுதான் என்பதை அறிந்தவர் இவ்விளம்பரங்களின் பொய்ம்மையை எளிதில் உணர்வர். இத்தகைய போலிகளைக் குறித்து அமெரிக்கக் கூட்டாட்சி வணிக ஆணையமும் மக்களை எச்சரித்துள்ளது.

உரிய அனுமதியின்றி ஓட்டும்போது நேரும் இழப்பு தண்டத்தோடு முடிவதில்லை. உரிமமுள்ளவரே வாகனத்தை ஓட்ட வேண்டும் என்பது வாகனக் காப்பீட்டின் பொதுவான நிபந்தனை. அது மீறப்பட்டால், விபத்தின்போது காப்பீட்டு நிறுவனம் பொறுப்பேற்க மறுக்கக்கூடும். அவ்வாறு நேரின் மருத்துவச் செலவும் இழப்பீடும் ஓட்டியவர் தோள்மீதே விழும். அதனினும் பெரியது, அடிபட்டவரின் குடும்பத்துக்கு உரிய இழப்பீடு உரிய காலத்தில் கிட்டாமல் போவது. அவர் நம் மொழி அறியாதவர்; நம்மை முன்பின் கண்டிராதவர். ஆயினும், நாம் சட்டப்படி ஓட்டுகிறோம் என்று நம்பியே அவர் சாலையில் இறங்கினார்.

> தெரிந்து தெளிவோம்
> நம் நாட்டில் 50 கன சென்டிமீட்டருக்கு மேற்படாத திறனுடைய இருசக்கர வாகனம் ஓட்ட 16 அகவையும், பிற இருசக்கர வாகனங்களும் சிற்றுந்தும் ஓட்ட 18 அகவையும் நிறைந்திருக்க வேண்டும். சிறார் வாகனம் ஓட்டிக் குற்றம் இழைத்தால், பெற்றோர் அல்லது வாகன உரிமையாளருக்கு மூன்றாண்டுகள் வரை சிறையும் 25,000 ரூபாய் தண்டமும் விதிக்க 2019ஆம் ஆண்டின் சட்டத்திருத்தம் வழி செய்கிறது. வாகனப் பதிவு 12 மாதங்களுக்கு நீக்கப்படும். ஓட்டிய சிறார் 25 அகவை நிறையும் வரை உரிமம் பெற இயலாது.

இடமும் வலமும்

அனுமதி கைக்கு வந்த பின்னும் கற்க வேண்டுவன உள. இந்தியா, இலங்கை, ஜப்பான், ஆஸ்திரேலியா முதலிய நாடுகளில் வாகனங்கள் இடப்புறம் செல்கின்றன; பிரான்சு, ஜெர்மனி, அமெரிக்க ஐக்கிய நாடுகள் முதலியவற்றில் வலப்புறம் செல்கின்றன. இடப்புறம் பழகிய கண்களும் கைகளும் வலப்புறச் சாலையில் தடுமாறும். குறிப்பாக, திருப்பங்களிலும் ஆளற்ற சாலைகளிலும் பழைய பழக்கம் தன்னையறியாமல் தலைதூக்கும். சுவீடன் நாடு 1967 செப்டம்பர் 3 அன்று இடப்புறத்திலிருந்து வலப்புறத்துக்கு மாறியபோது, அதற்கென மக்களை முன்னதாகவே பழக்கியது. ஒரு நாடே பயின்று மாறியதை ஒருவர் விமான நிலைய வாயிலில் நொடிப்பொழுதில் கற்றுவிட இயலாது. முதல் நாள் ஓட்டாமல் சாலையை உற்றுநோக்குவதும், நெரிசல் குறைந்த பகுதியில் மெல்லத் தொடங்குவதும் அறிவுடைமையாகும்.

நிறைவாக

பன்னாட்டு ஓட்டுநர் அனுமதி வெறும் தாள் அன்று. 'இவர் எம் குடிமகன். இவர் திறனை யாம் ஆராய்ந்தோம். நும் சாலையில் இவரை நம்பலாம்' என்று ஒரு நாடு மற்றொரு நாட்டுக்கு எழுதித் தரும் உறுதிமொழி அது. அவ்வுறுதிமொழிக்கு மதிப்புத் தேடித் தருவதோ, அதன் மதிப்பைக் குலைப்பதோ அதைக் கையில் வைத்திருப்பவரின் நடத்தையே. அந்நடத்தை வெளிநாட்டு மண்ணில் திடீரெனத் தோன்றுவதில்லை. நம் ஊர்ச் சாலையில், சிவப்பு விளக்கின்முன், காவலர் இல்லாத பொழுதிலும் நிற்கப் பழகும் நாளில்தான் அது தொடங்குகிறது.

கற்பவை கற்றபின்…

1. ஜப்பான், பிரான்சு, இலங்கை ஆகிய நாடுகளுள் ஒன்றிற்குச் செல்லும் உறவினருக்கு, வாகனம் ஓட்டுவதற்கு முன் அறிய வேண்டுவனவற்றை விளக்கிக் கடிதம் எழுதுக.
2. உங்கள் பகுதியிலுள்ள சாலைக் குறியீடுகள் பத்தினை வரைந்து, அவை உணர்த்தும் பொருளை எழுதி வகுப்பறையில் காட்சிப்படுத்துக.

சிந்தித்து எழுதுக

1. 'திறமை வேறு, உரிமை வேறு' – பாடப்பகுதி கொண்டு விளக்குக.
2. பன்னாட்டு ஓட்டுநர் அனுமதியோடு மூல உரிமத்தையும் வைத்திருக்க வேண்டியது ஏன்?
3. உரிய அனுமதியின்றி வாகனம் ஓட்டுவதால் பிறருக்கு நேரும் இழப்புகள் குறித்து நும் கருத்தைப் புலப்படுத்துக.