கோழிக்கூட்டுப் பூச்சி: சாம்பலா, சுண்ணாம்பா, மருந்தா?

நெடுந்தீவு, நயினாதீவு, ஊர்காவற்றுறைப் பக்கங்களில் கோழிக்கூடும் கிணறும் பெரும்பாலும் ஒரே வளவுக்குள்தான். நிலத்தடியில் சுண்ணாம்புக்கல், மேலே ஊற்றுவது அதன் வெடிப்புகளால் கிணற்று நீருக்கு இறங்கிவிடும். ஆகவே பூச்சி சாகுமா என்று மட்டும் பார்த்தால் போதாது. கிணற்றையும் முட்டையையும் பழுதாக்குமா என்றும் பார்க்கவேண்டும்.

முதலில் பூச்சியை இனங்காணுங்கள். பகலில் இறகடியில், குதத்தைச் சுற்றி ஓடுவது பேன். கொண்டையிலும் கண்ணோரத்திலும் ஒட்டிக்கிடப்பது தெள்ளு. பகலில் ஒளிந்திருந்து, இரவு டோர்ச் அடித்தால் கோழி ஏறி நிற்கும் தடியின் அடியில் சிவந்த பொட்டுகளாய் ஊர்வது சிற்றுண்ணி.

சாம்பல்: அடுப்புச் சாம்பலையும் காய்ந்த மணலையும் கலந்து, மழை படாத இடத்தில் வையுங்கள், கோழி தானே புரண்டு குளிக்கும். செலவில்லை, பேன் குறையும். வெடிப்புக்குள் இருக்கும் சிற்றுண்ணிக்கு இது எட்டாது. பிளாஸ்டிக் எரித்த சாம்பல் கூடாது.

வேப்பிலை: அடைக்கூடையில் போடலாம். பெருகிவிட்ட பூச்சியை இது மட்டும் ஒழிக்காது.

வாசலின்: தெள்ளின்மேல் தடவலாம், கோழியின் கண்ணில் படாமல். தெள்ளு அதிலும் தங்குமாதலால், கூட்டில் விரித்த பழைய வைக்கோலை எரித்துவிடுங்கள்.

கொதிநீரும் சுண்ணாம்பும்: சிற்றுண்ணிக்கு இதுவே முதல் தெரிவு. எச்சத்தை வாரி, தடிகளைக் கழற்றிக் கொதிநீர் ஊற்றி வெயிலில் போடுங்கள். வெடிப்புகளில் சுண்ணாம்பு அடித்து, நன்றாகக் காய்ந்தபின் கோழியை விடுங்கள். முட்டையிலிருந்து வளர்ந்த உண்ணியாக ஏறத்தாழ 7 நாள் போதும். எனவே கிழமைக்கொரு முறையாக மூன்று தடவை செய்யவேண்டும். கூட்டை வெறுமையாக விடுவதில் பயனில்லை. இரத்தமின்றியும் சிற்றுண்ணி பல மாதம் தாங்கும்.

மருந்து: இவை கைகொடுக்காவிட்டால், கால்நடை வைத்தியர் சொல்லும் கோழிக்குரிய மருந்து மட்டும். எத்தனை நாள் முட்டை உண்ணக்கூடாது என்பதையும் கேளுங்கள். அப்படியான மருந்துகளில் ஒன்றான பெர்மெத்ரின் பூனைக்கும் மீனுக்கும் நஞ்சு. தெளித்த போத்தலைக் கிணற்றடியில் கழுவாதீர்கள்.

வெங்காயத்துக்கு அடித்து மிஞ்சிய மருந்து, புகையிலை ஊறிய நீர், மண்ணெண்ணெய் மூன்றும் வேண்டாம். கூடாத மருந்து முட்டைக்கும் போய்ச்சேரும்: 2017இல் நெதர்லாந்தில் சிற்றுண்ணிக்கு அடித்த மருந்தில் கோழிக்குத் தடைசெய்யப்பட்ட பிப்ரோனில் என்ற பூச்சிகொல்லி கலந்திருந்ததால், ஐரோப்பாவில் பல மில்லியன் முட்டைகள் சந்தையிலிருந்து அகற்றப்பட்டன.

எறும்புக்காகக் கூட்டின் கால்களைத் தண்ணீர் டின்னில் வைப்பவர்கள் அதை மூன்று நாளுக்கொருமுறை ஊற்றிவிடுங்கள். அதில் பெருகும் நுளம்பு கோழிக்கு அம்மையைப் பரப்பும்.

பேனுக்குச் சாம்பல், சிற்றுண்ணிக்குக் கொதிநீரும் சுண்ணாம்பும், மருந்து கடைசியில். புதுக்கூடு கட்டுவோர் பட்டை சீவிய, வெடிப்பில்லாத, கழற்றக்கூடிய தடிகளைப் போட்டால் பாதி வேலை குறையும்.