வெட்கம் எவருடையது?

ஒரு பெண் வன்புணர்வுக்கு உள்ளானால், ‘குடும்ப மானம்’ என்று மூடிமறைப்பதும், செய்தவனுக்கே அவளைக் கட்டிவைப்பதும் நம்மிடையே நடக்கின்றன. குற்றவாளி தப்புகிறான். பாதிக்கப்பட்டவளோ பயத்தாலும் நித்திரையின்மையாலும் வாடுகிறாள். வெட்கப்படவேண்டியவன் குற்றம் புரிந்தவனே.

1995ஆம் ஆண்டின் 22ஆம் இலக்கத் தண்டனைச் சட்டக்கோவைத் திருத்தம் இதற்கு 7 முதல் 20 வருடம் வரை கடூழியச் சிறை குறிக்கிறது. சம்மதமின்மையை நிரூபிக்க உடற்காயம் இருந்தேயாகவேண்டும் என்பதில்லை. அனுமதியின்றிப் பாதிக்கப்பட்டவரின் பெயரை வெளியிடுவதும் குற்றமாகும்.

1996இல் செம்மணியில் மாணவி ஒருவர் வன்புணரப்பட்டுக் கொல்லப்பட்டார். தேடிச்சென்ற தாய், தம்பி, அயலவரும் கொல்லப்பட்டனர். 1998இல் கொழும்பு மேல் நீதிமன்றம் குற்றவாளிகளான படையினருக்கு மரண தண்டனை விதித்தது. சீருடையும் சட்டத்துக்கு மேற்பட்டதல்ல.

நாம் செய்யவேண்டியவை:

1. குளிக்குமுன், உடுப்பைக் கழுவுமுன் ஆஸ்பத்திரிக்குக் கூட்டிச்செல்வோம். சட்ட வைத்திய அதிகாரி பரிசோதிப்பார்.
2. உடுப்பைக் கடதாசியில் சுற்றுவோம். பொலித்தீனில் ஈரம் தங்கித் தடயம் பழுதாகும்.
3. பொலிஸில் முறைப்பாடு செய்து, அதன் இலக்கத்தைக் குறித்துவைப்போம். நாள் கடந்தாலும் முறையிடலாம்.
4. ஊர்ப் பெரியோர் முன் பேசித் தீர்க்க இணங்கோம்.

கலந்துரையாடுவோம்: கிணற்றடிக்கும் மலசலகூடத்துக்கும் போகும் வழியில் வெளிச்சம் உண்டா? பாதிக்கப்பட்டவள் நம்பிக்கையோடு வந்து சொல்ல நம்மில் யார் இருக்கிறோம்?