இன்டர்நெட் இல்லாத லயத்தில் கம்ப்யூட்டர் விளையாட்டு



லயத்தில் லெப்டொப் இருப்பது இப்போது பெரிய அதிசயம் இல்லை. 2020 மார்ச் மாதத்தில் கொரோனா வந்து பாடசாலைகள் மூடப்பட்டு, வகுப்பெல்லாம் போனுக்குள்ளே போன காலத்திலிருந்து, எப்படியாவது ஒன்று வாங்கிவிட வேண்டும் என்று பல குடும்பங்கள் நினைத்தன. கொழும்பில் கடையில் நிற்கும் மகன் பழையது ஒன்றைக் கொண்டு வருகிறான். சிலர் தீபாவளி அட்வான்சில் வாங்குகிறார்கள். கொண்டுவந்து மேசை மேல் வைத்த அன்றைக்கே பிள்ளை கேட்கும் முதல் கேள்வி, "இதுல கேம் விளையாடலாமா?" இரண்டாவது கேள்வி, "அம்மா, டேட்டா போடுறீங்களா?"

அந்த இரண்டாவது கேள்விக்காகத்தான் இந்தப் பாடம். பெரிய விளையாட்டு ஒன்று 20, 30 ஜீபிக்கு மேலேயும் இருக்கும். அதை போன் சிக்னலில் இறக்கப் பார்த்தால், மலை மறைத்து சிக்னல் பாதியில் அறுந்து போகும். டேட்டா முடிந்து போகும். விளையாட்டும் வராது. போட்ட காசு மட்டும் திரும்பி வராது. அந்தக் காசு மழையில் நனைந்து கொழுந்து எடுத்த காசு.

விளையாட்டுக்கு தினமும் டேட்டா தேவையில்லை. ஒரு நாள் டவுனில் சரியாக வேலை செய்துவிட்டு வந்தால், அதற்குப் பிறகு ஒரு சதம் டேட்டா இல்லாமல் வருஷக்கணக்கில் விளையாடலாம். அந்த ஒரு நாளில் என்ன செய்வது என்பதைத்தான் கீழே எழுதுகிறேன்.

முதலில் ஒரு விஷயத்தை பிள்ளைக்குப் புரிய வைக்க வேண்டும். ஃப்ரீ ஃபயர், பப்ஜி போன்ற விளையாட்டுகள் இன்டர்நெட் இல்லாமல் நடக்காது. ஏன்? அங்கே எதிரில் நின்று சுடுகிறவர் வேறொரு ஊரில் இருக்கிற மனுஷன். இரண்டு பேரையும் சேர்த்து வைப்பது எங்கேயோ இருக்கிற பெரிய கம்ப்யூட்டர். அந்தக் கம்பி அறுந்தால் விளையாட்டு இல்லை. இதற்கு வழி இருக்கிறது என்று யாராவது காசு கேட்டால் கொடுக்க வேண்டாம். ஆனால் ஒருவர் தனியாகவோ, பக்கத்தில் உட்கார்ந்திருப்பவரோடோ விளையாடும் விளையாட்டுகள் ஏராளம் இருக்கின்றன. அவை முழுவதும் லெப்டொப்புக்குள்ளேயே இருக்கும். வெளியே யாரையும் கேட்க வேண்டியதில்லை.

அதிலும் நல்லது, இலவசமாகக் கொடுக்கப்படும் விளையாட்டுகள். திருட்டுப் பிரதி இல்லை. செய்தவர்களே யாரும் எடுத்துக்கொள்ளலாம், அடுத்தவருக்கும் கொடுக்கலாம் என்று உரிமை எழுதிக் கொடுத்தவை. நான் பிள்ளைகளுக்குச் சொல்வது சிலவற்றை மட்டும்தான். சுப்பர் டக்ஸ் கார்ட் என்பது கார் ஓட்டப் பந்தயம். ஒரே கீபோர்டில் இரண்டு பேர் பக்கத்தில் பக்கத்தில் உட்கார்ந்து ஓட்டலாம். திரை இரண்டாகப் பிரியும். அண்ணனும் தங்கச்சியும் சேர்ந்து விளையாட இதைவிட நல்லது எனக்குத் தெரிந்து இல்லை. ஜீகொம்ப்ரி என்பது 2 வயது முதல் 10 வயது வரை உள்ள பிள்ளைகளுக்கானது. எண்ணுவது, எழுத்து அறிவது, மவுஸ் பிடிப்பது எல்லாம் விளையாட்டாகவே வரும். படம் கீற டக்ஸ் பெயின்ட். பெரிய பிள்ளைகளுக்கு வெஸ்னொத், இது 2003ஆம் ஆண்டு வெளிவந்த படை நடத்தும் விளையாட்டு. ஒருவர் நகர்த்தி மற்றவர் நகர்த்தும் சதுரங்க முறை என்பதால் பழைய லெப்டொப்பும் தாங்கும். சதுரங்கமே வேண்டும் என்றால் லூகாஸ் செஸ். தோற்றுத் தோற்றுப் பழக பல படிகள் அதில் இருக்கின்றன.

லெப்டொப் எப்படிப்பட்டது என்று பார்த்துக்கொள்ளுங்கள். 'திஸ் பீசி' என்ற படத்தின் மேல் மவுஸின் வலது பட்டனை அழுத்தி 'ப்ரொபர்டீஸ்' திறந்தால் ரெம் எவ்வளவு என்று காட்டும். 4 ஜீபி இருந்தால் மேலே சொன்ன விளையாட்டுகளுக்குப் போதும். புதிதாக வரும் பெரிய விளையாட்டுகளுக்குப் போதாது. கடைக்காரர் போதும் என்று சொன்னாலும் போதாது.

வின்டோஸ் பற்றியும் ஒரு வார்த்தை. புதிய லெப்டொப்பில் வரும் வின்டோஸ் 11 ஹோம், முதல் தடவை திறக்கும்போதே இன்டர்நெட்டும் மைக்ரோசொப்ட் கணக்கும் கேட்கும். ஆகவே புதுப்பெட்டியை லயத்திற்குக் கொண்டுவந்து சாம்பிராணி காட்டித் திறக்க நினைக்காதீர்கள். அந்த வேலையை டவுனிலேயே முடியுங்கள். சாம்பிராணி பிறகு காட்டலாம். பழைய லெப்டொப்பில் வின்டோஸ் 10 இருந்தால், அதற்கு மைக்ரோசொப்ட் கொடுத்துவந்த வழக்கமான பாதுகாப்புத் திருத்தங்கள் 2025 ஒக்டோபர் 14ஆம் திகதியோடு நின்றுவிட்டன. இன்டர்நெட்டில் சேர்க்காமல் விளையாட மட்டும் என்றால் அது பெரிய தடை இல்லை. ஆனால் பேங்க் வேலை, பாஸ்வேர்ட் வேலை அதில் செய்ய வேண்டாம். விருப்பமானால் லினக்ஸ் மின்ட் என்ற இலவச முறையைப் போடலாம். மேலே சொன்ன விளையாட்டுகளில் லூகாஸ் செஸ்ஸைத் தவிர மற்றவை அதன் சொப்ட்வெயார் பட்டியலிலேயே கிடைக்கும். போடத் தெரிந்த ஒருவரைப் பக்கத்தில் வைத்துக்கொண்டு செய்யுங்கள், உள்ளே இருக்கிற படங்கள் அழிந்து போகாமல்.

இனி அந்த ஒரு நாள்.

எங்கே போவது? வைஃபை உள்ள இடம் எதுவானாலும் சரி. சொந்தக்காரர் வீடு, கம்ப்யூட்டர் வகுப்பு, தெரிந்தவரின் கடை. ஞாயிற்றுக்கிழமை டவுனுக்குப் போகும்போது சார்ஜரை மறக்காமல் எடுத்துப் போங்கள். மவுஸும் பென் டிரைவும் எடுத்துப் போங்கள். காலையிலேயே போய்விட வேண்டும். கடைசி பஸ்ஸுக்கு ஒரு மணித்தியாலம் இருக்கும்போது ஆரம்பித்தால் வேலை பாதியில் நிற்கும்.

போனவுடன் விளையாட்டை இறக்க ஆரம்பிக்க வேண்டாம். முதலில் திகதியும் நேரமும் சரியா என்று பாருங்கள். பழைய லெப்டொப்பின் உள்ளே நாணயம் போன்ற சிறிய பற்றரி ஒன்று இருக்கும். அது செத்துப்போனால், கரண்ட் எடுத்து வைக்கும் போதெல்லாம் திகதி பழைய வருஷத்திற்குப் போய்விடும். இன்டர்நெட் உள்ள வீட்டில் அது தானாகவே திருந்திவிடும். நம் லயத்தில் திருந்தாது. திகதி பிழையாக இருந்தால் இணையத்தளங்கள் திறக்க மறுக்கும், காசு கொடுத்து வாங்கிய சில விளையாட்டுகளும் மறுக்கும். பற்றரி மாற்றுவது சின்னச் செலவுதான்.

அடுத்தது வின்டோஸ் அப்டேட். அதை முடியும்வரை ஓட விடுங்கள். திரைக்குரிய ட்ரைவர் பெரும்பாலும் அதோடுதான் வரும். ட்ரைவர் இல்லாவிட்டால் விளையாட்டு திறக்காது, திறந்தாலும் மாட்டு வண்டி போல இழுத்து இழுத்து நகரும். வைரஸ் தடுப்பும் அப்போதே புதுப்பிக்கப்படும்.

அதற்குப் பிறகுதான் விளையாட்டு. ஒவ்வொன்றையும் அதைச் செய்தவர்களின் சொந்தத் தளத்திலிருந்து மட்டும் இறக்குங்கள். தேடும்போது முதலில் வரும் தளங்கள் பல விளம்பரத்தளங்கள். பெரிய பச்சைப் பட்டன் காட்டும், அழுத்தினால் வேறு ஏதோ வந்து குந்திக்கொள்ளும்.

இன்ஸ்டோல் செய்ததோடு வேலை முடியாது. இங்கேதான் நிறையப் பேர் ஏமாந்து போகிறார்கள். ஒவ்வொரு விளையாட்டையும் அங்கேயே ஒரு தடவை திறந்து, ஐந்து நிமிஷம் விளையாடிப் பாருங்கள். முதல் தடவை திறக்கும்போதுதான் சில விளையாட்டுகள் மிச்சப் பாகங்களைக் கேட்கும். ஜீகொம்ப்ரியை எடுத்தால், குரல் பதிவுகளும் சொற்களுக்கான படங்களும் தனியாக இறங்க வேண்டியவை. அதன் செட்டிங்ஸ் பக்கத்தில் போய் அவற்றையும் இறக்கிக்கொள்ள வேண்டும். இல்லாவிட்டால் வீட்டில் விளையாட்டு இருக்கும், குரல் இருக்காது.

காசு கொடுத்து வாங்கும் விளையாட்டு என்றால் இன்னும் கவனம் வேண்டும். ஸ்டீம் என்பதில் வாங்கினால், உங்கள் சொந்தக் கணக்கில் உள்ளே போய், முழுவதும் இறங்கிய பிறகு ஒரு தடவை விளையாடி, அதன் பின் ஸ்டீம் மெனுவில் உள்ள 'கோ ஒஃப்லைன்' என்பதை அழுத்த வேண்டும். ஜி.ஓ.ஜி என்ற தளத்தில் வாங்கினால் இந்தத் தொல்லை குறைவு. அங்கே முழு இன்ஸ்டோல் பைலையே இறக்கி பென் டிரைவில் வைத்துக்கொள்ளலாம்.

எல்லாம் முடிந்ததா? இப்போது பரீட்சை. டவுனை விட்டு வரும் முன்பே ஏர்பிளேன் மோடைப் போட்டு வைஃபையை வெட்டுங்கள். லெப்டொப்பை முழுதாக நிறுத்தி மறுபடி திறந்து, ஒவ்வொரு விளையாட்டையும் ஒவ்வொன்றாகத் தட்டிப் பாருங்கள். எது திறக்கிறதோ அதுதான் வீட்டிலும் திறக்கும். எது 'கனெக்ட்' என்று கேட்டு நிற்கிறதோ, வைஃபையைத் திரும்பப் போட்டு அதை அங்கேயே சரி செய்யுங்கள். இந்த அரை மணித்தியாலத்தைச் சோம்பல் பட்டு விட்டால், அதற்காக இன்னொரு ஞாயிற்றுக்கிழமையும் இன்னொரு பஸ் காசும் போகும்.

சில கடைகளில் "நூறு கேம் போட்டுத் தாறோம்" என்று ஒரு தொகை கேட்பார்கள். பெரும்பாலும் அவை பூட்டு உடைத்த திருட்டுப் பிரதிகள். அவற்றைப் போட முன்பு வைரஸ் தடுப்பை நிறுத்தச் சொல்வார்கள். வீட்டுக்காரரிடம் நாயைக் கட்டச் சொல்லிவிட்டு உள்ளே வருகிறவனை என்னவென்று சொல்வது? இன்னும் சிலர் கடையின் ஸ்டீம் கணக்கிலேயே விளையாட்டைப் போட்டுக் கொடுக்கிறார்கள். ஒரு நாள் அது பாஸ்வேர்ட் கேட்கும். பாஸ்வேர்ட் கடைக்காரரிடம். திரும்பவும் காசு. பிள்ளைகள் கேட்டு வாங்கும் வைஸ் சிட்டி போன்றவை 2002இல் வந்தபோதே பெரியவர்களுக்கென்று 18 வயதுக் குறி போட்டு விற்கப்பட்டவை. பத்து வயதுப் பிள்ளைக்கு என்ன போட்டுக் கொடுக்கிறார்கள் என்று பக்கத்தில் நின்று பாருங்கள். நமக்கு இங்கிலீஷ் தெரியாது என்று ஒதுங்க வேண்டாம், படம் பார்த்தாலே தெரியும்.

இலவச விளையாட்டின் பெரிய லாபம், ஒருவர் இறக்கினால் முழு லயத்திற்கும் போதும். இன்ஸ்டோல் பைலை அழிக்காமல் பென் டிரைவில் வைத்திருங்கள். பணிய லயத்துப் பிள்ளைக்கும் மேட்டு லயத்துப் பிள்ளைக்கும் அதையே கொடுக்கலாம், சட்டத்தில் தவறில்லை. ஒரு சிக்கல் மட்டும் வரும். பல பென் டிரைவ்கள் ஃபெட் 32 என்ற முறையில் இருக்கும். அதில் 4 ஜீபிக்கு மேற்பட்ட தனி பைல் ஏறாது, இடம் காலியாக இருந்தாலும் ஏறாது. அதை எக்ஸ்ஃபெட் முறைக்கு மாற்றினால் ஏறும். மாற்றும்போது உள்ளே இருப்பது எல்லாம் அழியும் என்பதால் முதலில் வேறிடத்தில் பிரதி எடுங்கள். பென் டிரைவ் கை மாறி வரும்போது வைரஸும் வரும். போட்டவுடன் ஸ்கேன் செய்த பிறகு திறக்கச் சொல்லுங்கள்.

வீட்டிற்கு வந்த பிறகு கரண்ட் கணக்கு. 65 வொட் சார்ஜர் முழு வேகத்தில் இழுத்தாலும் ஒரு யூனிட்டுக்கு ஏறத்தாழ 15 மணித்தியாலம் ஓடும். ஆகவே பில்லுக்குப் பயப்பட வேண்டாம். பயப்பட வேண்டியது இடிக்கு. ஏப்ரலிலும் ஒக்டோபர், நவம்பரிலும் பின்னேரம் இடி முழங்கினால் சுவிட்சை நிறுத்துவது மட்டும் போதாது, பிளக்கையே கழற்றி வையுங்கள். பற்றரியிலும் விளையாட வேண்டாம் என்று நான் சொல்லவில்லை, கம்பி தொடாமல் இருந்தால் சரி. ஒரு பிளக்கில் கேத்தலும் டீவியும் லெப்டொப்பும் என்று வயர் முறுக்கிச் செருகுவது சில காம்பராக்களில் இன்னும் நடக்கிறது. லயத்தில் ஒரு காம்பரா எரிந்தால் வரிசையே எரியும் என்று உங்களுக்குத் தெரியும்.

அடுப்புப் புகை படும் இடத்தில் லெப்டொப்பை வைக்காதீர்கள். புகைக் கரியும் தூசியும் காற்றாடியில் படிந்து சூடு ஏறும். மெத்தை மேல், கம்பளி மேல் வைத்து விளையாடினாலும் அடியில் உள்ள காற்றோட்டத் துளை அடைபடும். பலகை ஒன்று போதும். பனிக்காலத்தில் ஈரம் இறங்கும் சுவரோரமும் வேண்டாம்.

எவ்வளவு நேரம் விடுவது என்று தாய்மார் கேட்கிறார்கள். ஐந்து வயதுக்குக் குறைந்த பிள்ளைகளைப் பற்றி உலக சுகாதார நிறுவனம் 2019இல் சொன்னது: 2 முதல் 4 வயது வரை ஒரு நாளைக்கு ஒரு மணித்தியாலத்திற்கு மேல் திரை வேண்டாம், அதற்கும் குறைந்த வயதில் திரையே வேண்டாம். பெரிய பிள்ளைகளுக்கு வீட்டு நிலைமை பார்த்து நீங்களே முடிவு செய்யுங்கள். என் அபிப்பிராயம், சிக்னல் தேடி இருட்டில் ரோட்டு வளைவில் போய்க் குந்தியிருக்கும் பிள்ளையைவிட, அம்மா பார்க்க இஸ்தோப்பில் விளையாடும் பிள்ளை மேல். ஆனால் ஒன்றைப் பார்க்கிறேன், பையன் விளையாடுகிறான், அவன் அக்கா பீலியடியில் பாத்திரம் கழுவுகிறாள். அவளுக்கும் ஒரு முறை வரட்டும். பாத்திரத்திற்கு அவனுக்கும் ஒரு முறை வரட்டும்.

என்றாவது விளையாட்டு திறக்காமல் திரையில் ஏதாவது எழுத்து வந்தால், கண்டதையும் அழுத்த வேண்டாம், ஃபோர்மட் பண்ணவும் விட வேண்டாம். அந்த எழுத்தை அப்படியே போனில் ஒரு படம் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். அடுத்த முறை டவுனுக்குப் போகும்போது அந்தப் படத்தைக் காட்டினால், தெரிந்தவர் லெப்டொப்பைத் தொடாமலே என்ன குறை என்று பெரும்பாலும் சொல்லிவிடுவார்.