இழுத்தால் நகராது

கேள்வி: மலைத் தோட்டத்தில் சுமை தூக்கக் கோவேறு கழுதை வாங்கினோம். கயிற்றை இழுத்தால் நான்கு காலையும் ஊன்றி நின்றுவிடுகிறது. எப்படிப் பழக்குவது?
- வாசகர், போடி

பதில்: அது பிடிவாதம் அல்ல. பயந்தால் குதிரை ஓடும், கழுதை நின்று பார்க்கும். கோவேறு கழுதைக்குத் தாய் குதிரை, தகப்பன் கழுதை. நிற்கும் குணம் தகப்பன் வழி.

இழுக்காதீர்கள். தோள் பக்கம் நின்று, முகக்கயிற்றை லேசாக முன்னால் பிடித்து, 'நட' என்று சொல்லுங்கள். தினமும் அதே சொல்தான். ஒரு குளம்பு பெயர்ந்த நொடியே கயிற்றைத் தளர்த்தி, கழுத்தைச் சொறிந்துகொடுங்கள். அந்தத் தளர்வில்தான் அது கற்கிறது. தாமதித்தால் எதற்கு விட்டீர்கள் என்று புரியாது. 'நில்', 'பின்னே' எல்லாம் இப்படித்தான். நாளுக்குப் பதினைந்து நிமிடம் போதும்.

நன்றாக நடந்தது திடீரென மறுத்தால் முதுகில் சேணப் புண்ணும் குளம்பில் கல்லும் இருக்கிறதா பாருங்கள். தயவுசெய்து அடிக்காதீர்கள்.