குழூஉக்குறி

திண்டுக்கல் பூட்டுக்குப் பெயர்பெற்ற ஊர். பொருளைக் காக்கும் பூட்டுப்போலச் சொல்லைக் காக்கும் பூட்டும் உண்டு. ஒரு கூட்டத்தார், பிறர் அறியாவண்ணம், பொருளின் இயற்பெயரை விடுத்து வேறு பெயரால் வழங்குதல் குழூஉக்குறி எனப்படும். பொற்கொல்லர் பொன்னைப் 'பறி' என்றும், யானைப்பாகர் ஆடையைக் 'காரை' என்றும், வேடர் கள்ளைச் 'சொல்விளம்பி' என்றும் வழங்கினர். கள்ளுண்டவர் மறைபொருளையும் வெளியிடுவர் அன்றோ!

இலண்டன் மாநகரின் கிழக்குப் பகுதியில், 19-ஆம் நூற்றாண்டில், 'காக்னி' மக்கள் எதுகை நயத்தால் இத்தகைய சொற்களை ஆக்கினர். படிக்கட்டு ஆங்கிலத்தில் 'ஸ்டேர்ஸ்' எனப்படும். அதனோடு ஓசை ஒத்த 'ஆப்பிள்ஸ் அண்ட் பேர்ஸ்' என்னும் பழப்பெயர்த் தொடரை அதற்கு இட்டனர். பின்னர், ஓசை ஒத்த பகுதியையும் விடுத்து 'ஆப்பிள்ஸ்' என்றே கூறினர். திறவுகோல் உடையாரே இப்பூட்டைத் திறப்பர்.

இத்தகைய சொற்களைக் கொச்சையென இகழாது, நன்னூல் தகுதி வழக்கினுள் வைத்தது. தொழில் மறையின் அதன் சொல்லும் மறையும். பறி, காரை முதலியன உரைகளில் எழுதப்பெற்றமையால் இன்றும் நம்மை எட்டுகின்றன. ஆதலின், திண்டுக்கல்லை அடுத்த அகரத்து மாணவராயினும் பிறவூர் மாணவராயினும், தம் ஊர் முதியோரின் தொழிற்சொற்களைக் கேட்டு எழுதிவைத்தல் நன்று.